33 வகைச் செங்கல்

நம்ம முதுகெலும்பில் 33 முள்ளெலும்புகள். லிதுவேனியாவின் வில்னியஸ் நகரில் புனித அன்னா தேவாலயத்தில் 33 வகைச் செங்கற்கள்!

ஐரோப்பாவில் கடைசியாக, 1387-ல் கிறிஸ்தவம் ஏற்ற நாடு அது. அதனால கோதிக் பாணியும் தாமதமாத்தான் வந்துச்சு. பிரான்சில் செதுக்கக் கல் இருந்தது. இங்க களிமண்தான். விதவிதமான வடிவில் சுட்டு அடுக்கியே வளைவு, கோபுரம் எல்லாம் கொண்டுவந்துட்டாங்க. 1500 வாக்கில் கட்டி முடிஞ்சது.

1812-ல் வந்த நெப்போலியன், இதை உள்ளங்கையில் வச்சு பாரீசுக்குத் தூக்கிட்டுப் போக ஆசைப்பட்டாராம். அது கதை. அவரோட குதிரைப்படை உள்ளே தங்கி, பின்வாங்கும்போது சேதப்படுத்திட்டுப் போனதுதான் வரலாறு.

படத்தைப் பார்க்கும்போது நெப்போலியனை விடுங்க. பேர் தெரியாத அந்தச் சூளைத் தொழிலாளிகளை நினைச்சுக்கோங்க.