புலியகுளத்தில் பிறந்த ‘ஜாவர்’

நம் கல்லூரி நண்பர்கள் கூடினால் பஞ்சாலை, பம்ப்செட், சிறுவாணித் தண்ணீர் என்றுதான் பேச்சு ஓடும். “சினிமான்னா மெட்ராஸ்தானுங்களே” என்று அந்தப் பேச்சை முடித்துவிடுவோம். ஆனால் ஒரு காலத்தில் கோவையே தமிழ்ப் படவுலகின் முக்கியமான கேந்திரமாக விளங்கியது. சிங்காநல்லூரில் சென்ட்ரல் ஸ்டூடியோ. புலியகுளத்தில் பட்சிராஜா ஸ்டூடியோ.

இது தற்செயல் அல்ல. சாமிக்கண்ணு வின்சென்ட் 1914-லேயே இங்கு வெரைட்டி ஹால் கட்டிப் படம் காட்டியவர். 1930-களில் பைக்காரா மின்சாரம் வந்தது; மில்கள் பெருகின. முதலும் மின்சாரமும் உள்ளூரிலேயே கிடைத்தபின் ஸ்டூடியோ வருவதற்குக் கேட்கவா வேண்டும்?

பட்சிராஜாவை நடத்தியவர் எஸ்.எம். ஸ்ரீராமுலு நாயுடு. 1954-ல் எம்.ஜி.ஆர்., பானுமதி நடிக்க அவர் எடுத்த ‘மலைக்கள்ளன்’ எல்லோருக்கும் தெரியும். நான் சொல்ல வந்தது அதற்கு நாலு வருஷம் முந்தியது: ‘ஏழை படும் பாடு’ (1950). பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் யூகோ 1862-ல் வெளியிட்ட ‘லே மிசரபிள்’ நாவலைச் சுத்தானந்த பாரதியார் இதே தலைப்பில் தமிழாக்கியிருந்தார். பாரீசுத் தெருக்களில் நடந்த கதை நம்ம புலியகுளத்தில் படமானது! ‘பீதல பாட்லு’ என்று தெலுங்கிலும் கூடவே தயாரானது.

இதன் பின்னால் நின்றவர்களைப் பாருங்கள். இயக்குநர் கே. ராம்நாத் அடிப்படையில் ஒளிப்பதிவாளர். ஜெமினியின் ‘சந்திரலேகா’வில் (1948) பணியாற்றியவர். ‘ஏழை படும் பாடு’க்கு மறு வருஷமே சென்ட்ரல் ஸ்டூடியோவில் ஜூபிடருக்காக ‘மர்மயோகி’யை இயக்கினார். வசனம் இளங்கோவன். இசை எஸ்.எம். சுப்பையா நாயுடு. தண்டனை பெற்ற கந்தனாகச் சித்தூர் வி. நாகையா, அவன் மனதை மாற்றும் பாதிரியாராகச் செருகளத்தூர் சாமா, லலிதா, பத்மினி சகோதரிகள், புதுமுகமாக வி. கோபாலகிருஷ்ணன். தெலுங்கர், மலையாளி, தமிழர் என்று பேதமில்லாமல் ஒரே கூரையின்கீழ் உழைத்திருக்கிறார்கள்.

கந்தனை விடாமல் துரத்தும் போலீஸ் அதிகாரியாக நடித்தவர் சீதாராமன். மற்ற பாத்திரங்களுக்கு ஊர்ப்பெயர் வைத்தவர்கள் இவருக்கு மட்டும் மூலத்தின் ‘ஜாவர்’ என்ற பெயரையே விட்டுவைத்தார்கள். அதுவே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. ‘ஜாவர்’ சீதாராமனாகவே ‘அந்த நாள்’ (1954) படத்துக்கு வசனம் எழுதினார்; ‘பட்டணத்தில் பூதம்’ (1967) படத்தில் பூதமாக வந்து குழந்தைகளைச் சிரிக்க வைத்தார்; தொடர்கதைகளும் எழுதினார்.

ஒருவருக்குப் பெயர் நிலைத்தது. அந்தத் தளங்களை அமைத்த தச்சர், உயரத்தில் விளக்கைத் தூக்கிப் பிடித்தவர், லேபில் ஃபிலிம் கழுவியவர் பெயரெல்லாம் எங்கே? பொறியாளன் என்பதால் எனக்கு இது உறுத்துகிறது. பாலம் திறக்கும்போது கல்வெட்டில் யார் பெயர் இருக்கும், யார் பெயர் இருக்காது என்பது நமக்குத் தெரிந்ததுதானே!

இன்று அந்த ஸ்டூடியோக்களில் படப்பிடிப்பு இல்லை. அங்கு வேலை பார்த்தவர்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் நம் சங்கத்திலேயே இருக்கக்கூடும். வீட்டுப் பரணில் ஒரு பழைய போட்டோவோ சம்பளச் சீட்டோ இருந்தால், பழைய பேப்பர்காரரிடம் போடுவதற்கு முன் ஒரு தடவை பாருங்கள். பாட்டி, தாத்தா இருந்தால் உட்காரவைத்துக் கேட்டு எழுதிவையுங்கள். அடுத்த மலருக்கு அதைவிட நல்ல கட்டுரை வேறெது?