இருபது டாலருக்கு ஒரு பாட்டு

ரெகே இசை என்றதும் நம்மில் பலருக்கு பாப் மார்லி ஒருவர்தான் நினைவுக்கு வருவார். அந்த மார்லி தம் முதல் பாட்டைப் பதிவு செய்ய வழிகாட்டியவர்களில் ஒருவர் ஜிம்மி கிளிஃப். பாடகர், நடிகர் என்று இரண்டு துறைகளிலும் பெயர் வாங்கிய அவரைப் பற்றி இந்தப் பதிவு.

1944-இல் ஜமைக்காவின் செயின்ட் ஜேம்ஸ் பகுதியில் ஒரு கிராமத்தில் பிறந்தார். இயற்பெயர் ஜேம்ஸ் சேம்பர்ஸ். உயரத்தைத் தொட வேண்டும் என்ற ஆசையில், மலை முகட்டைக் குறிக்கும் 'கிளிஃப்' என்ற பெயரைத் தாமே வைத்துக்கொண்டார். பதின்ம வயதில் தலைநகர் கிங்ஸ்டனுக்கு வந்தார். அங்கே சீன வம்சாவளியினரான லெஸ்லி காங் 'பெவர்லீஸ்' என்ற கடை வைத்திருந்தார். ஐஸ்கிரீமும் விற்பார்கள், இசைத்தட்டும் விற்பார்கள். பையன் அந்தக் கடையின் பெயரிலேயே ஒரு பாட்டுக் கட்டிப் பாடிக் காட்டி, கடைக்காரரை இசைத்தட்டுத் தயாரிப்பாளராகவே மாற்றிவிட்டான்! 1961-இல் பெலீஸைத் தாக்கிய ஹாட்டி புயலைப் பற்றிய பாட்டு, மறு ஆண்டு ஜமைக்காவில் பெரும் வெற்றி பெற்றது. அதே 1962-இல்தான் நாடும் விடுதலை அடைந்தது.

பிறகு லண்டன் சென்று, கிறிஸ் பிளாக்வெல்லின் ஐலண்ட் நிறுவனத்துக்காகப் பாடினார். 1972-இல் வந்தது 'தி ஹார்டர் தே கம்' திரைப்படம். இயக்குநர் பெரி ஹென்செல். ஜமைக்காக்காரர்களே எடுத்த முதல் முழுநீளக் கதைப்படம் அது. 1948-இல் காவலர்களால் சுட்டுக் கொல்லப்பட்ட 'ரைஜிங்' என்ற குற்றவாளியின் வாழ்க்கையிலிருந்து கதாநாயகன் ஐவன் உருவானான். பேச்சு முழுவதும் ஜமைக்கா வழக்கு. ஆங்கிலம் பேசும் அமெரிக்காவிலேயே ஆங்கில வரி போட்டுத்தான் காட்டினார்கள். பிரெஞ்சு வழியில் படித்த எனக்கு, நம்மவர் வம்சாவளியினர் வாழும் ரெயூனியன் தீவின் கிரெயோல் மொழி நினைவுக்கு வந்தது. பிரெஞ்சு தெரிந்தவர்களுக்கும் அது சட்டென்று பிடிபடாது.

ஐவன் கிராமத்திலிருந்து பாடகனாகும் ஆசையோடு நகரத்துக்கு வருகிறான். அவன் பாடிப் பதிவு செய்த பாட்டுக்கு முதலாளி ஹில்டன் தரும் விலை இருபது டாலர். ஐவன் முதலில் மறுக்கிறான். தட்டைத் தானே விற்கலாம் என்று அலைகிறான். ஹில்டனின் பிடி இல்லாத கடை எதுவும் இல்லை. வேறு வழியின்றித் திரும்பி வந்து கையெழுத்துப் போட்டு, இருபது டாலரை வாங்கிக்கொள்கிறான். பிறகு கஞ்சா வியாபாரம், துப்பாக்கி, தலைமறைவு. அவன் கொலைகாரன் என்று பெயரெடுத்த பின்புதான் பாட்டு சக்கைப்போடு போடுகிறது. லாபம் முழுவதும் ஹில்டனுக்கு.

காலமெல்லாம் அரசு அலுவலகத்தில் கோப்புகளோடு இருந்தவன் நான். வறுமையில் இருப்பவனிடம் வாங்கும் கையெழுத்து எவ்வளவு மலிவு என்பதை இந்தக் காட்சி போல எந்த அறிக்கையும் எனக்குச் சொன்னதில்லை. அன்றைய கிங்ஸ்டனில் பாடகர்களுக்கு ஒரு சிறு தொகையைக் கொடுத்துக் கணக்கை முடித்துவிடுவது சாதாரண வழக்கம். அந்த உலகத்திலேயே வளர்ந்த கிளிஃப், அதனால்தான் ஐவனை அவ்வளவு இயல்பாக நடித்தார் என்பது என் எண்ணம்.

படத்தின் பாடல் தொகுப்பு ரெகேயை உலகமெங்கும் கொண்டு சென்றது. ஆனால் கிளிஃப் அதே சமயத்தில் ஐலண்டை விட்டு விலகினார். அந்த இடத்துக்கு மார்லி வந்தார். மற்றது எல்லோருக்கும் தெரிந்த வரலாறு.

கிளிஃப் ஓய்ந்துவிடவில்லை. 1986-இல் 'கிளப் பாரடைஸ்' படத்தில் ராபின் வில்லியம்ஸுடன் நடித்தார். 1993-இல் 'கூல் ரன்னிங்ஸ்' படத்துக்காகப் பாடிய பாட்டு அமெரிக்காவில் வெற்றி பெற்றது. பிரெஞ்சுப் பாடகர் பெர்னார் லவிலியேயோடும் சேர்ந்து பாடினார். இரண்டு கிராமி விருதுகளும் 2003-இல் ஜமைக்காவின் 'ஆர்டர் ஆஃப் மெரிட்' விருதும் பெற்றார். 2025 நவம்பரில் காலமானார்.

படம் கிடைத்தால் பாருங்கள். துப்பாக்கிச் சண்டையைவிட அந்த இருபது டாலர் காட்சியைக் கவனியுங்கள்.