பரிசவேதியும் பீங்கானும்

இல்லாத பொருளொன்றுக்கு வரலாறு உண்டா? உண்டென்றே நாம் கருதுகின்றோம். தாழ்ந்த உலோகத்தைத் தீண்டிய மாத்திரத்திற் பொன்னாக்கும் பரிசவேதியை எவரும் கண்டதில்லை. ஆயினும், அதனை நம்பியோரும், நம்புவதாக நடித்தோரும், அதன் பொருட்டுச் சிறைப்பட்டோரும் மெய்யான மனிதர்களே. எமது சித்தர் மரபிலும் இரசவாதம் பேசப்பட்டது. ஐரோப்பாவில் 12ஆம் நூற்றாண்டு முதல் அரபு நூல்களின் வழியே அது பரவிற்று. அக்கல்லின் தன்மை யாதென்று ஆராய்வதிலும் பார்க்க, அது யாருக்குப் பயன்பட்டது என்று வினவுவதே எமக்கு முக்கியம்.

இங்கிலாந்திலே 1404இல், நான்காம் ஹென்றியின் ஆட்சியில், இரசவாதத்தாற் பொன்னையும் வெள்ளியையும் பெருக்குவது பெருங்குற்றமாக்கப்பட்டது. 1689 வரை அச்சட்டம் நீக்கப்படவில்லை. ஆனால், இடையில் வந்த ஆறாம் ஹென்றி தான் விரும்பிய சிலருக்கு அத்தொழிலைச் செய்ய உரிமைப் பத்திரம் வழங்கினான். குடிமகன் தனக்காகச் செய்தாற் குற்றம். மன்னனுக்காகச் செய்தாற் குற்றமன்று.

இவ்வுண்மையை இன்னும் தெளிவாகக் காட்டுவது ஜேர்மனியிற் பிறந்த ஜோஹன் பிரெடரிக் பொட்கரின் கதை. 1682இற் பிறந்த அவன் பேர்லினில் ஒரு மருந்து வணிகனிடம் தொழில் பயின்றவன். 1701இல், சாட்சிகள் முன்னிலையில், வெள்ளி நாணயங்களைப் பொன்னாக்கிக் காட்டினான் என்ற செய்தி பரவிற்று. கைவித்தையன்றி வேறில்லை. ஆனால் பிரஷ்ய மன்னன் அவனைத் தேடினான். அவன் அயல்நாடாகிய சாக்சனிக்கு ஓடினான். சாக்சனியின் ஆட்சியாளன் அகஸ்டஸ் அவனைப் பிடித்து வைத்துக்கொண்டு, திருப்பித்தர மறுத்தான். பத்தொன்பது வயது இளைஞனொருவனுக்காக இரு அரசுகள் வழக்கிட்டன.

அகஸ்டஸின் தேவை எளிதில் விளங்கக்கூடியது. 1697இற் போலந்தின் முடியைப் பெறப் பெருஞ்செலவு செய்தவன் அவன். 1700 முதல் சுவீடனோடு போரில் இறங்கியவன். மேலும், சீனப் பீங்கான் மீது அவனுக்குத் தணியாத வெறி. ஐரோப்பாவின் வெள்ளி கிழக்கு நோக்கிச் சென்றுகொண்டிருந்த காலம் அது. வெற்றுக் கருவூலத்தை நிரப்பக் குடிகளை மேலும் வருத்த வேண்டும். அன்றேல் ஒரு மாயக்கல் கிடைக்க வேண்டும்.

1703இல் ஆஸ்திரியாவுக்குத் தப்பியோடிய பொட்கர் மீண்டும் பிடிபட்டான். 1706இற் சுவீடன் படை சாக்சனிக்குள் நுழைந்தபோது, கோனிக்ஸ்டைன் மலைக்கோட்டைக்குக் கொண்டுசெல்லப்பட்டான். கருவூலப் பொருளைப் போல அவனையும் ஒளித்து வைத்தார்கள் என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.

பொன் வரவில்லை. அவனைக் கண்காணித்த சிர்ன்ஹவுஸ் என்னும் அறிஞர், ஸ்பினோசாவோடும் லைப்னிற்சோடும் நட்புக் கொண்டிருந்த கணித வல்லுநர். பெரிய கண்ணாடி வில்லைகளால் ஞாயிற்றின் கதிரைக் குவித்து, எந்த மண் எவ்வெப்பத்தில் உருகும் என ஆராய்ந்து வந்தவர். அவரே பொட்கரின் உழைப்பைப் பீங்கானின் பக்கம் திருப்பினார். பிறைபேர்க் சுரங்கங்களிலிருந்து தொழிலாளரும் உலோகம் உருக்குவோரும் வரவழைக்கப்பட்டனர். டிரெஸ்டன் கோட்டை மதிலின் நிலவறையில், 1,300 பாகை செல்சியசுக்கு மேற்பட்ட வெப்பத்தைத் தாங்கும் உலைக்காக அவர்கள் போராடினர். வெண்களிமண் தனித்து உருகாது. உருகிக் கண்ணாடியாகி அதனைப் பிணைக்க இன்னொரு பொருள் வேண்டும். அலபாஸ்டர் என்னும் மென்மையான வெண்கல்லை அதற்குச் சேர்த்தார்கள். 1708 ஜனவரி 15ஆம் திகதிக் குறிப்பொன்று, ஏழு கலவைகளைச் சுட்டுப் பார்த்து, சிலவற்றில் வெண்மையும் ஒளி புகும் தன்மையும் கண்டதைப் பதிவு செய்கின்றது. அவ்வாண்டு அக்டோபரிற் சிர்ன்ஹவுஸ் இறந்தார். 1709 மார்ச்சிற் பொட்கர் தன் கண்டுபிடிப்பை மன்னனுக்கு அறிவித்தான்.

கண்டுபிடித்தவர் பொட்கரா, சிர்ன்ஹவுஸா என்று அறிஞர் இன்றும் வாதிடுவர். உலையருகே வெந்த சுரங்கத் தொழிலாளரை அவ்வாதத்தில் நாம் காண்பது அரிது. சீனத்துக் குயவர் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அறிந்திருந்த தொழில் இது. ஜிங்தேஷென் நகரிலிருந்து 1712இற் கடிதம் எழுதிய பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர், ஒரு பாத்திரம் உருவாக எழுபது கைகளைக் கடக்கின்றது என்றார். ஐரோப்பாவிலோ அது ஒரு மாயாவியின் சாதனையாயிற்று.

1710இல் மைசென் கோட்டையில் ஆலை நிறுவப்பட்டது. பரிசவேதியைச் சூழ்ந்திருந்த மறைபொருட் போர்வை அப்படியே பீங்கானின் மேல் விழுந்தது. மண்கலவையின் இரகசியம் ஒருவனுக்கும் மெருகின் இரகசியம் இன்னொருவனுக்குமாகப் பகுக்கப்பட்டது. முன்பு மூடநம்பிக்கை காத்த கதவை இப்போது இலாபம் காத்தது. ஆயினும், 1719இல் ஸ்டோல்செல் என்னும் தொழில்வல்லோன் இரகசியத்தோடு வியன்னாவுக்கு ஓடினான். உழைப்பவனின் கையிலுள்ள அறிவைப் பூட்டி வைப்பது எளிதன்று.

பொட்கருக்கு 1714இலேயே விடுதலை கிடைத்தது. அதுவும் சாக்சனியை விட்டு நீங்கலாகாது என்ற நிபந்தனையோடு. 1719 மார்ச் 13இல், முப்பத்தேழு வயதில், அவன் இறந்தான். அதற்கு இரு ஆண்டுகளுக்கு முன், 1717இல், தனக்கென ஆலை இருந்தும் சீனப் பீங்கான் மீது ஆசை தீராத அகஸ்டஸ், பிரஷ்ய மன்னனோடு ஒரு பண்டமாற்றுச் செய்தான். பிரஷ்யன் கொடுத்தவை 151 பீங்கான் பாத்திரங்கள். அகஸ்டஸ் கொடுத்தது தன் படையைச் சேர்ந்த 600 வீரர்கள். பாத்திரமொன்றுக்கு ஏறத்தாழ நான்கு மனிதர். பிரஷ்யாவில் அவர்களைக் கொண்டு அமைந்த படைப்பிரிவைப் பீங்கான் படை என்று அழைத்தார்கள்.