போருக்கு வேண்டும், ஊருக்கு வேண்டாம்

இரண்டாம் உலகப்போர் என்றால் நம் பாடப்புத்தகங்கள் சர்ச்சில், ரூஸ்வெல்ட், ஸ்டாலின் படங்களைக் காட்டும். மெக்சிகோவை யாரும் சொல்வதில்லை.

1942 மே மாதம் ஜெர்மன் நீர்மூழ்கிகள் மெக்சிகோவின் எண்ணெய்க் கப்பல்கள் இரண்டை மூழ்கடித்தன. அதையடுத்து மெக்சிகோ போரில் இறங்கியது. ஏறத்தாழ 300 பேர் கொண்ட அதன் 201-ஆம் விமானப்படைப் பிரிவு, 1945-இல் பிலிப்பைன்ஸின் லூசான் தீவில் ஜப்பானியப் படையோடு மோதியது. அவர்கள் பயிற்சி பெற்ற ஊர்களில் ஒன்று டெக்சாஸின் கிரீன்வில். 'மிகக் கறுப்பு மண், மிக வெள்ளை மக்கள்' என்று தெருவில் பலகை கட்டிப் பெருமை பேசிய ஊர் அது.

ஆனால் மெக்சிகோ கொடுத்த பெரிய பங்கு உழைப்புதான். அமெரிக்க ஆண்கள் போர்முனைக்குப் போனதால் வயலில் ஆளில்லை. 1942 ஆகஸ்டில் இரு அரசுகளும் ஒப்பந்தம் போட்டன. 'பிரசேரோ' எனப்பட்ட மெக்சிகோ தொழிலாளர்கள் லட்சக்கணக்கில் போய் அறுவடை செய்தார்கள், ரயில் தண்டவாளம் பராமரித்தார்கள். அவர்கள் கூலியில் 10 சதவீதம் சேமிப்பு என்று பிடிக்கப்பட்டு மெக்சிகோ வங்கிகளுக்குப் போனது. பலருக்கு அது திரும்பி வரவேயில்லை. நீதிமன்றம் ஏறிப் போராடிய பிறகு 2008-இல்தான் ஒரு சமரசத் தீர்வு கிடைத்தது. அதற்குள் பலர் இறந்துவிட்டார்கள்.

டெக்சாஸுக்கு மட்டும் ஆள் அனுப்ப மெக்சிகோ மறுத்தது. காரணம், அங்கே உணவகங்களிலும் பள்ளிகளிலும் மெக்சிகர்களை ஒதுக்கி வைத்த வழக்கம். கூலியாட்கள் வேண்டுமே! 1943-இல் டெக்சாஸ் சட்டமன்றம் ஒரு தீர்மானம் போட்டது: 'காக்கேசிய இனத்தார்' அனைவருக்கும் பொது இடங்களில் சம உரிமை. மீறினால் தண்டனை இல்லை. கறுப்பின மக்களுக்கு அதில் இடமே இல்லை. ஏணியை உடைக்கவில்லை, மெக்சிகர்களை ஒரு படி ஏற்றியதாகக் காகிதத்தில் எழுதினார்கள், அவ்வளவுதான். மெக்சிகோ ஏமாறவில்லை. போர் முடியும்வரை அந்தத் தடை நீடித்தது.

அதே லூசான் தீவில் 1945-இல் செத்தவர் பெலிக்ஸ் லொங்கோரியா. மெக்சிக வம்சாவளி அமெரிக்கக் குடிமகன், டெக்சாஸ்காரர். 1949-இல் அவர் உடல் சொந்த ஊருக்கு வரவிருந்தபோது, இறுதிச் சடங்குக் கூடத்தின் உரிமையாளர் இடம் தர மறுத்தார். வெள்ளையர்களுக்குப் பிடிக்காதாம். மருத்துவர் ஹெக்டர் கார்சியாவின் அமைப்பு போராடியது. செனட்டர் லிண்டன் ஜான்சன் தலையிட்டார். தலைநகருக்கு அருகே, ஆர்லிங்டன் தேசியக் கல்லறையில் ராணுவ மரியாதையோடு அடக்கம் நடந்தது.

நாடு மரியாதை தந்தது. ஊரில் கதவு மூடப்பட்டது. சுடுகாட்டுப் பாதைக்கே போராட வேண்டிய நமக்கு இதை யாரும் விளக்கத் தேவையில்லை.