தோல் வட்டாரத்தில் சிறுநீரகப் புற்று: வீதம், காரணி, உயிர்வாழ்வு

1. ஆய்வுப் பொருள்

ராணிப்பேட்டை, மேல்விஷாரம், பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி எனப் பரந்த தோல் வட்டாரத்தில், தோல் பதனிடும் டேனரிகளின் கழிவால் பாலாறு கெட்ட கதை ஊரறிந்தது. வேலூர் குடிமக்கள் நல மன்ற வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு, மாசுபடுத்தியவரே ஈடுகட்ட வேண்டும் என்ற நெறியை இந்தியச் சட்டத்தில் நிலைநிறுத்தியது. இப்பின்னணியில், சிறுநீரகப் புற்று என்றதும் பழி டேனரித் தண்ணீர்மேல் விழுவது இயல்பு. அப்பழி சான்றுக்கு நிற்குமா என்பதே ஆய்வுப் பொருள்.

2. நிகழ்வு வீதம்

2022இல் உலக அளவில் சுமார் 4.35 லட்சம் பேரிடம் இந்நோய் புதிதாகக் கண்டறியப்பட்டது, சுமார் 1.56 லட்சம் பேர் இறந்தனர். மேலைநாடுகளைவிட இந்தியாவில் வீதம் குறைவு. பெண்களைவிட ஆண்களிடம் ஏறத்தாழ இரு மடங்கு.

இவ்வட்டாரத்துக்கான வீதத்தைக் கணிப்பதில் ஒரு சிக்கல் உண்டு. வேலூர் சி.எம்.சி. மருத்துவமனைக்கு மேற்கு வங்கம், ஜார்க்கண்ட், அசாமிலிருந்தும் நோயாளிகள் வருகின்றனர். அதைச் சுற்றியுள்ள லாட்ஜுகளின் பெயர்ப்பலகைகளில் வங்க எழுத்தைக் காணலாம். ஆகவே மருத்துவமனைக் கணக்கு ஊர்க்கணக்கு ஆகாது. வசிப்பிடத்தை வைத்து எண்ணும் புற்றுநோய்ப் பதிவேடே உரிய கருவி. அடையாறு புற்றுநோய் நிறுவனத்தின் ஒருங்கிணைப்பில் 2012 முதல் அப்பதிவு தமிழகம் முழுமைக்கும் விரிவாக்கப்பட்டது.

3. காரணிகள்

3.1 நிலைபெற்றவை: புகைப்பழக்கம், உடற்பருமன், உயர் ரத்த அழுத்தம் ஆகிய மூன்றும் முதன்மையானவை. நாட்பட்ட சிறுநீரக நோய், நெடுங்கால டயாலிசிஸ், சில மரபணுக் கோளாறுகள் அடுத்து வருவன. பீடி சுற்றுவதைக் குடிசைத் தொழிலாகக் கொண்ட குடியாத்தம், பேரணாம்பட்டுப் பகுதியில் புகையைப் புறக்கணித்து ரசாயனத்தை மட்டும் பேசுவது ஆய்வாகாது.

3.2 தொழில்சார்ந்தவை: டேனரி டிரம்மில் தோலை நீலமாக்குவது மூவிணைதிறக் குரோமியம். ராணிப்பேட்டையில் 1990களின் நடுவில் மூடப்பட்ட குரோமேட்ஸ் ஆலை விட்டுச்சென்ற கழிவுமேட்டில் இருப்பதோ அறுவிணைதிறக் குரோமியம். பின்னது நுரையீரல் புற்றை உண்டாக்கும் என்பது பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு முகமையின் தீர்ப்பு. அது சிறுநீரகக் குழல்களைச் சிதைக்கவும் வல்லது. ஆனால் சிதைவு வேறு, புற்று வேறு. சிறுநீரகப் புற்றுக்கு அம்முகமை ஐயமின்றிச் சுட்டும் தொழில் ரசாயனம், உலோகத்தில் எண்ணெய்ப்பசை நீக்கப் பயன்பட்ட ட்ரைகுளோரோஎத்திலீன் என்ற கரைப்பான்.

4. உயிர்வாழ்வு

அமெரிக்கப் பதிவேடுகளின்படி, கட்டி சிறுநீரகத்துக்குள் அடங்கியிருக்கையில் கண்டறியப்பட்டவர்களில் 90 விழுக்காட்டுக்கு மேற்பட்டோர் ஐந்தாண்டு கடக்கின்றனர். தொலை உறுப்புகளுக்குப் பரவியபின் 20 விழுக்காடும் தேறுவதில்லை. சிறு கட்டி வலிக்காது. வேறு எதற்கோ எடுத்த ஸ்கேனில் தற்செயலாகத் தென்படுவதே மிகுதி. வலியின்றி ஒருமுறை சிறுநீரில் ரத்தம் போய்த் தானே நின்றுவிட்டால், உடற்சூடு என்று இளநீர் குடித்து விட்டுவிடும் வழக்கம் இங்கே உயிரைப் பறிக்கும்.

5. முடிவு

டேனரித் தண்ணீர்மேல் சுமத்தும் பழி, இந்நோயைப் பொறுத்தவரை, சான்றைத் தாண்டிச் செல்கிறது. பாலாற்றைக் கெடுத்தவர்களின் பொறுப்பு அதனால் குறைந்துவிடாது. செய்யத்தக்கவை இரண்டு. 2021இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீடுதேடி ரத்த அழுத்தம் பார்ப்பவர்கள், சிறுநீரில் ரத்தம் போனதா என்ற கேள்வியையும் சேர்க்க வேண்டும். புற்றுநோய்ப் பதிவில், எந்த ஆலையில், எந்தப் பிரிவில், எத்தனை ஆண்டு என்ற தொழில் வரலாறு இடம்பெற வேண்டும். குரோமேட்ஸ் ஆலையில் இளமையில் உழைத்தவர்கள் இன்று இந்நோய் மிகுதியாகக் காணும் வயதில் இருக்கின்றனர். அவர்களிடம் கேட்க வேண்டிய காலம் இதுவே.