ராஜுலாவும் ரோனாவும்

ஹைதர் அலி பிறந்த ஊர் என்பதற்காக எங்கள் பூதிகோட்டைக்கு வருகிறவர்கள் உண்டு. இந்த ஊருக்கும் கடலுக்கும் என்ன தொடர்பு என்று அவர்கள் யாரும் கேட்பதில்லை. தொடர்பு பக்கத்திலிருக்கும் தங்கவயல் வழியாக வந்தது. வட ஆற்காட்டுத் தமிழர்கள் சுரங்கத்தில் இறங்க இங்கே வந்த காலத்தில்தான், அவர்களுடைய உறவுக்காரர்கள் பால்மரம் என்ற ரப்பர் மரம் சீவ மலாயாவுக்குக் கப்பல் ஏறினார்கள். என் பாட்டியின் தங்கையும் அப்படிப் போனவர். ஊருக்கு வரும்போதெல்லாம், "ராஜுலாவுல வந்தேன், ராஜுலாவுலயே போயிடுவேன்" என்பார். ரயிலில் வந்து பங்காருபேட்டையில் இறங்கியதை அவர் சொன்னதேயில்லை. கப்பலைத்தான் சொல்வார்.

அந்த ராஜுலாவுக்கு உடன்பிறப்பு ஒன்று இருந்தது: ரோனா. பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனிக்காக 1926-ல் இரண்டும் கட்டப்பட்டன. ராஜுலா ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் பார்க்ளே கர்ல் தளத்தில் உருவானது. ரோனா இங்கிலாந்தின் டைன் நதிக்கரையில் ஹாதார்ன் லெஸ்லி தளத்தில். ஒவ்வொன்றும் எட்டாயிரம் டன்னுக்கு மேல். இரண்டும் போனது ஒரே வழி: சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, ஸ்வெட்டன்ஹாம் துறைமுகம், சிங்கப்பூர். அறைகளில் போனவர்கள் கொஞ்சம் பேர்தான். ஐயாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை மேல்தளத்திலும் கீழ்த்தளங்களிலும் ஏற்ற இவற்றுக்கு அனுமதி இருந்தது. பாய், டிரங்குப் பெட்டி, பிள்ளைகளோடு இடம்பிடித்து உட்கார்ந்த அந்தக் கூட்டத்தை நம்பித்தான் இந்தக் கப்பல்களே ஓடின. நாகப்பட்டினத்தில் கப்பல் கரைக்கு வராது. தூரத்தில் நங்கூரமிட்டு நிற்கும். அலையில் ஆடும் படகில் போய்த்தான் ஏற வேண்டும்.

ஒரே அச்சில் வார்த்த கப்பல்கள் வெவ்வேறு முடிவைக் காண்பது அந்த நூற்றாண்டில் புதிதல்ல. டைட்டானிக் 1912-ல் முதல் பயணத்திலேயே மூழ்கியது. அதன் மூத்த கப்பல் ஒலிம்பிக் 1935 வரை ஓடியது. இளையது பிரிட்டானிக், மருத்துவமனைக் கப்பலாக இருந்தபோது 1916-ல் கிரேக்கக் கடலில் கண்ணிவெடியில் போனது. லூசிட்டானியாவை 1915-ல் ஜெர்மானிய நீர்மூழ்கி வீழ்த்தியது; அதன் உடன்பிறப்பான மௌரிட்டானியா முதுமை வரை ஓடி உடைக்கப்பட்டது. இவற்றைப் பற்றியெல்லாம் நூல்களும் படங்களும் குவிந்துகிடக்கின்றன. நம் பாட்டிமார் ஏறிய கப்பல்களைப் பற்றி நம்மிடம் என்ன இருக்கிறது?

ராஜுலாவும் ரோனாவும் ஓடிக்கொண்டிருந்தபோதே, மலாயாத் தோட்ட வேலைக்கு உதவிப்பணம் கொடுத்து ஆள் அனுப்புவதை இந்திய அரசு 1938-ல் தடுத்தது. அடுத்த ஆண்டு போர் வந்தது. இரண்டு கப்பல்களும் படைகளை ஏற்றப் போயின.

1943 நவம்பரில் ரோனா அல்ஜீரியாவின் ஓரான் துறைமுகத்தில் அமெரிக்கப் படைவீரர்களை ஏற்றிக்கொண்டு புறப்பட்டது. சூயஸ் வழியாக அவர்கள் வரவிருந்தது இந்தியாவுக்குத்தான். விமானதளம் அமைக்கும் பொறியாளர் படையினர் அவர்களில் நிறைய. 26-ஆம் தேதி மாலை ஜெர்மன் விமானங்கள் கப்பல் வரிசையைத் தாக்கின. வானொலி அலையால் திசை திருப்பக்கூடிய, இறக்கை வைத்த குண்டு ஒன்று ரோனாவின் இயந்திர அறைப் பக்கத்தில் பாய்ந்தது. உயிர்காக்கும் படகுகளில் பல உதவவில்லை. கொந்தளித்த கடலில், இருட்டில் ஆட்கள் குதித்தார்கள். பயனியர் என்ற அமெரிக்கக் கப்பல் மட்டும் 606 பேரைத் தூக்கிக் காப்பாற்றியது. இறந்தவர்கள் 1,138 பேர். அவர்களில் 1,015 பேர் அமெரிக்கப் படையினர். புதுவகைக் குண்டின் பலன் எதிரிக்குத் தெரியக்கூடாது என்று அமெரிக்க அரசு செய்தியை அடக்கியது. குடும்பங்களுக்கு நடந்தது முழுதாகத் தெரிய பல பத்தாண்டுகள் ஆயின. 1996-ல் அலபாமாவில் நினைவுக்கல் வைத்தார்கள்.

ராஜுலா போரில் தப்பியது. பழைய வழிக்கே திரும்பி வந்தது. பிரிந்த குடும்பங்கள் அதில் சேர்ந்தன. பெண்கள் அதில் புகுந்த வீட்டுக்குப் போனார்கள். 1973-ல் இந்தியக் கப்பல் கழகம் அதை வாங்கி, ரங்கத் என்று பெயர் மாற்றியது. 1974-ல் மும்பையில் உடைத்தார்கள். பின்னால் வந்த சிதம்பரம் கப்பலும் 1985-ல் தீப்பிடித்தது. அந்த வழியும் அதோடு முடிந்தது.

ஒரு கப்பலுக்கு நாற்பத்தேழு ஆண்டு ஓட்டமும் மற்றொன்றுக்குப் பதினேழும் கிடைத்ததற்கு இரும்பில் காரணம் இல்லை. போர் எதை எங்கே அனுப்பியதோ, அவ்வளவுதான். மனிதரை நினைப்பதில் இருக்கும் ஏற்றத்தாழ்வுதான் என்னை உறுத்துகிறது. ரோனாவில் அடுப்பெரித்தவர்களும், தளம் கழுவியவர்களும், சமைத்தவர்களும் பெரும்பாலும் இந்தியர்கள். நூற்றுக்கும் மேற்பட்ட கப்பல் ஊழியர்கள் அன்று செத்தார்கள். அவர்களைப் பற்றி நாம் பேசியதே இல்லை. அந்தப் போரில் கடலில் மாண்ட இந்திய மாலுமிகளுக்கென்று மும்பை மாலுமிகள் இல்லத்தில் ஒரு பெயர்ப் பதிவேடு இருக்கிறது. ஆறாயிரத்துக்கும் அதிகமான பெயர்கள்.

உங்கள் வீட்டிலும் மலாயா போய் வந்தவர்கள் இருந்திருப்பார்கள்; கப்பல் வேலைக்குப் போய்த் திரும்பாதவர்களும் இருந்திருக்கலாம். அவர்கள் பெயரையும், கப்பலின் பெயரையும், போன ஆண்டையும் ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள்.