ஒடிந்ததா, நசுங்கியதா?

மலேசியாவின் பெஸ்தாரி ஜெயா பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிய பாட்டி, "இடுப்பு ஒடிஞ்சி போச்சு தம்பி" என்றபோது அலுப்பு என்றே எண்ணிவிட்டேன். எக்ஸ்ரேயில் முள்ளெலும்பு ஒன்று நசுங்கியிருந்தது. அதை விளக்கியவர் 'தண்டுவட முறிவு' என்றார். தண்டுவடம் முதுகெலும்புக்குள் ஓடும் நரம்புவடம். நசுங்கியதோ அதைக் காக்கும் எலும்பு. அதோடு, 'முறிவு' என்றதும் இரண்டாக ஒடிந்ததாகவே மனம் எண்ணுகிறது. எலும்புத் தேய்வில் முள்ளெலும்பு தகர டின்போல அமுங்கி, பெரும்பாலும் முன்புறம் குறுகி ஆப்பாகிறது. முதுமையில் கூன் விழ இதுவும் ஒரு காரணம். அதனால் இதற்கு 'முள்ளெலும்பு நசுங்கல்' என்ற சொல்லே என் தேர்வு. சிகிச்சையாகப் பலருக்கு வலிமருந்து, முதுகுப்பட்டை, மெல்ல நடமாட்டம், எலும்பை வலுவாக்கும் மருந்து போதும். சிலருக்கே எலும்புச் சிமெண்டு ஊசி. கால் மரத்தாலோ, சிறுநீர் அடைத்தாலோ உடனே மருத்துவமனைக்குப் போங்கள்.